நவூருவின் முதல் அறுபது வருடம்

குடும்பக் குழு: பொன்னையா இல்லம்
ஞாயிறு காலை

முரளி: (பகிரப்பட்ட செய்தி) உலகின் பெரும் பணக்கார நாடு பிச்சைக்கார நாடான கதை! பசிபிக் கடலில் நவூரு என்ற குட்டித் தீவு. பாஸ்பேட் விற்ற காசில் மக்கள் சோம்பேறிகள் ஆனார்கள். வேலை செய்யாமல் தங்கள் மண்ணையே தோண்டித் தின்று தீர்த்தார்கள். இருந்து தின்றால் மலையும் கரையும். பிள்ளைகளுக்குச் சொல்லி வளருங்கள்!

முரளி: தீபன், குரூப் தேர்வுக்கு உதவும். படித்து வை.

தீபன்: படித்தேன் மாமா. பெரியப்பா, நீங்கள் கப்பலில் இருந்தபோது நவூரு பக்கம் போனதாகச் சொன்னீர்களே?

சேகர்: போயிருக்கிறேன், எண்பதுகளில். உரம் செய்ய உதவும் பாஸ்பேட் ஏற்றத்தான். முரளி, இந்தச் செய்தியில் பாஸ்பேட் வெட்டிய முதல் அறுபது வருடத்தைக் காணோம். கொஞ்சம் பொறு, டைப் செய்கிறேன்.

சரோஜா: தோசை ஆறுகிறது. சாப்பிட்டுவிட்டு டைப் செய்யுங்கள்.

சேகர்: இதோ. முதலில் இடத்தைச் சொல்கிறேன். மொத்தத் தீவே 21 சதுர கிலோமீட்டர்தான். அப்போது துறைமுகம் கிடையாது. கரையை ஒட்டிப் பவழத்திட்டு, அதைத் தாண்டினால் கடல் அதலபாதாளம். நங்கூரம் தரை தொடாது. மிதவைகளில் கயிறு கட்டித்தான் கப்பலை நிறுத்துவோம். மேற்குக் காற்று பலமாக அடித்தால் அதுவும் முடியாது, காற்று தணியும் வரை தீவுக்கு அப்பால் மிதந்துகொண்டே கிடக்க வேண்டியதுதான். கரையிலிருந்து நீளமான இரும்புக் கைகள் கடலுக்குள் வரும். அதன் மேல் ஓடும் பெல்ட்டில் பாஸ்பேட் வந்து கப்பலின் வயிற்றுக்குள் கொட்டும். ஏற்றி முடிப்பதற்குள் டெக், கைப்பிடி, எங்கள் காதுமடல் எல்லாம் வெளிர்பழுப்புத் தூசி.

சேகர்: கரைக்குப் போய் உள்ளே மேட்டுக்கு ஏறிப் பார்த்தேன். மண்ணே இல்லை. ஆள் உயரத்துக்கும் மேல், சில இடங்களில் இரண்டு மாடி உயரத்துக்கும் மேல், கூர்கூராகச் சுண்ணாம்புப் பாறைகள். அவற்றுக்கு நடுவே படிந்திருந்த பாஸ்பேட்டைச் சுரண்டி எடுத்துவிட்டுப் பாறையை மட்டும் விட்டுவைத்திருக்கிறார்கள். கால் வைக்கச் சமமான இடம் இல்லை. தென்னையும் வீடும் கடலோரத்துச் சின்ன வளையத்திலும், உள்ளே புவாடா என்ற ஏரியைச் சுற்றியும் மட்டும்தான்.

முரளி: அதைத்தானே அத்தான் அந்தச் செய்தியும் சொல்கிறது? தோண்டித் தின்றார்கள் என்று.

சேகர்: யார் தோண்டியது, யார் தின்றது என்பதுதான் கேள்வி மாப்பிள்ளை. 1888இல் ஜெர்மனி தீவைச் சேர்த்துக்கொண்டது. அப்போது பாஸ்பேட் இருப்பதே யாருக்கும் தெரியாது. சிட்னியில் ஒரு கம்பெனி அலுவலகத்தில், நவூருவிலிருந்து யாரோ கொண்டுவந்த கல் ஒன்று கதவு மூடாமல் இருக்க முட்டுக் கொடுக்கக் கிடந்தது. ஆல்பர்ட் எல்லிஸ் என்பவர் 1899இல் அதைச் சோதித்துப் பார்த்தார். உயர்தரப் பாஸ்பேட். 1907இல் கப்பல் கப்பலாக ஏற்ற ஆரம்பித்தார்கள். நிலத்துக்காரருக்குக் கிடைத்தது டன்னுக்கு அரைப் பென்னி.

சரோஜா: அரைப் பென்னியா!

சேகர்: ஆமாம். முதல் உலகப் போர் தொடங்கியதும் 1914இல் ஆஸ்திரேலியப் படை தீவைப் பிடித்தது. 1919இல் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்றும் தங்களுக்குள் ஓர் ஒப்பந்தம் போட்டுக்கொண்டன. பிரிட்டனுக்கு 42 சதவீதம், ஆஸ்திரேலியாவுக்கு 42, நியூசிலாந்துக்கு 16. நவூருக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. எடுத்த பாஸ்பேட்டைச் சந்தை விலைக்கு விற்றிருந்தால் தீவுக்காரர் கொஞ்சம் கூடுதலாகவாவது கேட்டிருக்கலாம். அடக்க விலைக்குத் தங்கள் நாட்டு விவசாயிகளுக்கே கொடுத்துக்கொண்டார்கள். இலாபம் என்று கணக்கில் ஒன்றும் நிற்காது. இலாபம் முழுக்க அங்கே பயிராகவும் புல்லாகவும் முளைத்தது.

கவிதா: அப்பா, அந்தப் புல்லை நான் தினமும் பார்க்கிறேன். நியூசிலாந்தில் நான் இருக்கும் ஹாமில்டனிலிருந்து எந்தப் பக்கம் காரை எடுத்தாலும் பச்சைப் புல்வெளி, மாடு. இங்கே மண்ணில் பாஸ்பரஸ் குறைவு. 1949 முதல் சின்ன விமானங்களிலிருந்து மலைச்சரிவுகளில் சூப்பர் பாஸ்பேட் உரம் தூவினார்கள். அதற்கான பாஸ்பேட் பெரும்பாலும் நவூரு, பனாபா தீவுகளிலிருந்து வந்தது. இந்த நாட்டின் பாலும் வெண்ணெயும் அந்த மண்ணைத் தின்று வளர்ந்தவை. பக்கத்து வீட்டுப் பெரியவர் பால் பண்ணை வைத்திருந்தவர். அவருக்கே பனாபா என்ற பெயர் தெரியவில்லை. எனக்கு மனது கேட்கவில்லை.

முரளி: பனாபா எங்கே இருக்கிறது?

சேகர்: நவூருவுக்குக் கிழக்கே, அதைவிடச் சின்னத் தீவு. அதற்கு வருகிறேன். நடுவில் ஜப்பானை விட்டுவிட்டேன். இரண்டாம் உலகப் போரில், 1942 ஆகஸ்டில் ஜப்பான் நவூருவைப் பிடித்தது. சுமார் 1200 நவூருக்காரர்களை பசிபிக்கில் தன் வசமிருந்த ட்ரக் தீவுகளுக்குக் கொண்டுபோய் வேலை வாங்கினார்கள். தொழுநோயாளிகள் 39 பேரைப் படகில் ஏற்றி நடுக்கடலில் மூழ்கடித்தார்கள். ட்ரக்கில் பசியும் நோயும். 1946 ஜனவரி 31 அன்று உயிரோடு ஊர் திரும்பியவர்கள் 737 பேர்.

சரோஜா: ஐயோ கடவுளே.

சேகர்: பின்னாளில் விடுதலை கிடைத்தபோது அதே தேதியைத்தான் வைத்துக்கொண்டார்கள். 1968 ஜனவரி 31. இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த இனம் அழிந்துபோகும் என்ற பயம் போருக்கு முன்பே இருந்தது. 1500 பேராவது இருந்தால்தான் பிழைக்கும் என்று ஒரு கணக்கு. 1932இல் அந்த 1500ஐத் தொட்டதும் விழா எடுத்தார்கள். போரில் மறுபடி குறைந்து, 1949இல் மறுபடி தொட்டார்கள். இன்றும் அக்டோபர் 26 அங்கே அங்காம் நாள், பெரிய கொண்டாட்டம். இப்படி உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு திரும்பி வந்தவர்களைச் சோம்பேறி என்று ஒரு வரியில் சொல்ல எனக்கு வாய் வராது.

முரளி: சரி அத்தான், ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் 68க்கு அப்புறம் எல்லாம் அவர்கள் கையில்தானே? மெல்போர்னில் 52 மாடிக் கட்டடம், சொந்த விமானக் கம்பெனி, லண்டனில் இசை நாடகத்துக்கு முதலீடு. அதை வெள்ளைக்காரன் செய்யவில்லையே.

சேகர்: உண்மை. அதை நான் மறைக்கவில்லை. பாஸ்பேட் தீர்ந்த பின் வாழ்வதற்கு என்று சேர்த்த பணத்தை அவர்களுடைய அரசாங்கங்களும், வெளியிலிருந்து வந்து ஆலோசனை சொன்னவர்களும் சேர்ந்து கரைத்தார்கள். மெல்போர்ன் கட்டடம் 2004இல் கையை விட்டுப் போனது. ஆனால் அவர்கள் கைக்கு வந்தபோதே மூன்றில் ஒரு பங்கு நிலம் வெட்டியெடுக்கப்பட்டிருந்தது. சுரங்க இயந்திரங்களையும் சும்மா கொடுக்கவில்லை. 2.1 கோடி ஆஸ்திரேலிய டாலர் கட்டித்தான் வாங்கினார்கள். மீதி பாஸ்பேட்டை வெட்டினால்தான் சாப்பாடு, வேறு தொழில் எதையும் யாரும் உருவாக்கி வைக்கவில்லை.

சரோஜா: குத்தகைக்கு எடுத்தவன் விளைச்சலை எடுக்கலாம். மேல்மண்ணையே வண்டியில் அள்ளிக்கொண்டு போய்விட்டு, நிலத்தைத் திருப்பித் தருகிறேன் என்றால் எந்த ஊர் நியாயம்? மூடித் தரக் கூட மாட்டார்களா?

தீபன்: பெரியம்மா, அதற்குத்தான் வழக்கு நடந்தது. பாடத்தில் படித்தேன். வெட்டியெடுத்த நிலத்துக்கு யார் பொறுப்பு என்று விசாரிக்க 1986இல் நவூரு ஒரு குழு போட்டது. தலைவர் இலங்கை உச்ச நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்த கிறிஸ்டோபர் வீரமந்திரி. விடுதலைக்கு முன் வெட்டிய பகுதியைச் சீரமைப்பது ஆண்ட மூன்று நாடுகளின் கடமை என்று அந்தக் குழு சொன்னது. 1989இல் ஆஸ்திரேலியா மீது ஹேக் சர்வதேச நீதிமன்றத்தில் நவூரு வழக்குப் போட்டது. வழக்கை விசாரிக்கவே கூடாது என்று ஆஸ்திரேலியா வாதிட்டது. விசாரிக்கலாம் என்று 1992இல் நீதிமன்றம் சொல்லிவிட்டது. வீரமந்திரி அதற்குள் அதே நீதிமன்றத்தில் நீதிபதி ஆகிவிட்டார், ஆனால் இந்த வழக்கில் அவர் அமரவில்லை.

தீபன்: 1993இல் சமரசம். ஆஸ்திரேலியா 10.7 கோடி டாலர் தர ஒப்புக்கொண்டது. பிரிட்டனும் நியூசிலாந்தும் ஆளுக்கு 1.2 கோடி அதில் பங்கு போட்டன.

சேகர்: நன்றாகச் சொன்னாய். 64இல் வேறொரு யோசனையும் வந்தது. தீவைக் காலி செய்துவிட்டு ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்து கரைக்கு அருகில் கர்ட்டிஸ் தீவுக்கு எல்லோரும் போய்விடுங்கள் என்றார்கள். போனால் ஆஸ்திரேலியக் குடிமக்கள், தனி நாடு கிடையாது. ஹாமர் டிரோபர்ட்டும் மற்றத் தலைவர்களும் மறுத்துவிட்டார்கள். பிறகு அவர்தான் முதல் ஜனாதிபதி.

சேகர்: இப்போது பனாபா. முரளி, உன் கேள்விக்கு என் பதிலே இதுதான். அங்கே மக்கள் கையில் பணம் சேரவும் இல்லை, மாடிக் கட்டடம் வாங்கவும் இல்லை. 1900இல் அதே எல்லிஸ் போய் ஒரு தாளில் கையெழுத்து வாங்கினார். பாஸ்பேட் எடுக்கும் உரிமைக்கு வருடத்துக்கு 50 பவுண்டு, 999 வருடத்துக்கு!

முரளி: 999ஆ? தட்டச்சுப் பிழை இல்லையே?

சேகர்: பிழை இல்லை. போரில் ஜப்பான் அவர்களையும் வெளியே கொண்டுபோயிருந்தது. போர் முடிந்ததும் அவர்களை ஊருக்குத் திரும்ப விடவில்லை. 1945 டிசம்பர் 15 அன்று பிஜியில் ராம்பி என்ற தீவில் இறக்கினார்கள். அந்தத் தீவை வாங்கியதே பனாபா பாஸ்பேட் பணத்தில்தான். புயல் பருவம், தங்கக் கூடாரம். வெயிலும் வறட்சியும் பழகிய ஆட்கள் மழையில் கிடந்தார்கள். இந்தப் பக்கம் அவர்கள் ஊரை 1979 வரை வெட்டினார்கள்.

கவிதா: பனாபாவில் ஆறு கிடையாது. நிலத்துக்கு அடியில் குகைகள், அதில் ஊறும் தண்ணீர். பெண்கள்தான் தவழ்ந்து போய்ச் சிரட்டையில் மொண்டு வருவார்கள். பஞ்ச காலத்தில் ஊரைக் காத்தது அந்தக் குகைகள்தான். சுரங்கம் வந்து அவற்றையும் கெடுத்துவிட்டது.

சேகர்: லண்டனில் அவர்களும் வழக்குப் போட்டார்கள். 200 நாளுக்கு மேல் விசாரணை, நீதிபதி மெகாரி தீவுக்கே நேரில் போய்ப் பார்த்தார். 1976இல் தீர்ப்பு. தவறு நடந்திருக்கிறது, ஆனால் உரிமைத்தொகைக்காக அரசாங்கத்தைச் சட்டப்படி பிடிக்க முடியாது என்றார். செலவு செய்து கெட்டான் என்றால் பனாபாக்காரன் எதைச் செலவு செய்தான்?

முரளி: இந்தச் செய்தி என் ஆபீஸ் குழுவிலும் ஓடுகிறது அத்தான். நீங்கள் எழுதியதைச் சேர்த்து அங்கே போடட்டுமா?

சேகர்: தாராளமாகப் போடு. பனாபாவையும் வழக்கையும் விட்டுவிடாதே. நவூரு அரசாங்கம் செய்த தவறும் இருக்கட்டும், அதை வெட்டாதே.

தீபன்: பெரியப்பா, அந்த 1993 பணத்தில் நிலம் சீரானதா?

சேகர்: மிகக் கொஞ்சம்தான். அந்தக் கூர்ப்பாறைகளை உடைத்துச் சமப்படுத்தி, மேலே மண் போட்டு, மரம் வைத்து வளர்ப்பது லேசான வேலை இல்லை. இப்போது அவசரம் கூடியிருக்கிறது. கடல் உயர்ந்து வருவதால், கரையோர வளையத்திலிருந்து வீடு, பள்ளி, ஆஸ்பத்திரி எல்லாவற்றையும் மேட்டுக்கு மாற்ற நவூரு திட்டம் போட்டிருக்கிறது. வெட்டிப்போட்ட அந்த மேட்டுக்குத்தான்.