ஸ்டேஷனில் கிடக்கும் லோடு ஆட்டோவை மீட்க வழி சொல்லுங்க

அண்ணாச்சிமாரே, அவசரமாக ஒரு யோசனை வேண்டும். களக்காட்டிலிருந்து வாழைத்தார் ஏற்றும் என் லோடு ஆட்டோவை டிரைவர் பையன் எடுத்துப் போன இடத்தில் அடிதடியாகி, கேஸில் அவனோடு வண்டியையும் சேர்த்துவிட்டார்கள். நான் அந்தப் பக்கமே போகவில்லை. ஒரு மாதமாக ஸ்டேஷன் வேப்பமரத்தடியில் கிடக்கிறது. நேற்றுப் பார்த்தால் முன் டயரில் காற்றே இல்லை, தார்ப்பாயில் மழைத்தண்ணீர் தேங்கிப் புழு நெளிகிறது.

பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451-ஆம் பிரிவு, இப்போது அதற்குப் பதில் வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்தில் 497, வண்டி இன்னும் கோர்ட்டில் ஒப்படைக்கப்படவில்லை என்றால் 503, இப்படி மனு போட்டால் வழக்கு முடியும்வரை இடைக்காலமாகத் தருவார்கள், வண்டியை ஸ்டேஷனில் போட்டு மக்கவிடக் கூடாதென்று 2002-லேயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது என்று ஒரு வக்கீல் குமாஸ்தா சொன்னார். சரி, என் சிக்கல் வேறு. ஆர்சி என் பெயரில்தான், ஆனால் தவணை பாக்கி, இன்சூரன்ஸும் போன வாரம் முடிந்துவிட்டது. ஃபைனான்ஸ்காரரிடம் தடையில்லாக் கடிதம் இல்லாமல் மனு போடலாமா? ஜாமீன்தாரருக்கு வீட்டுத் தீர்வை ரசீது போதுமா?

அம்பை, நாங்குநேரி பக்கம் இப்படி வண்டி எடுத்தவர்கள் இருந்தால் எத்தனை வாய்தா ஆனது, எவ்வளவுக்குப் பத்திரம் கேட்டார்கள் என்று சொல்லுங்கள். 10-ஆம் தேதி அடுத்த தவணை.