மண்டை ஓடு சேகரித்த மந்திரி: செபயோஸை எப்படி எடைபோடுவது?

பம்பாக்காற்று:
பக்கத்துத் திரியில் அர்ஜென்டினாவின் எஸ்தானிஸ்லாவ் செபயோஸைக் "கல்லறைத் திருடன்" என்று இரண்டே சொல்லில் முடித்துவிட்டார்கள். அதனால்தான் இந்தத் தனித்திரி. 1854இல் ரொசாரியோவில் பிறந்தவர். வழக்கறிஞர், நாடாளுமன்ற உறுப்பினர், மூன்று முறை வெளியுறவு அமைச்சர். பெரும் பண்ணையார்களின் சங்கமான சொசியதாத் ரூராலுக்குத் தலைவராக இருந்தார். கோதுமை வட்டாரம் பற்றியும் கால்நடைப் பண்ணைகள் பற்றியும் புத்தகம் எழுதினார். 1872இல், இருபது வயதுகூட ஆகாதபோதே, அர்ஜென்டினா அறிவியல் கழகத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். பழங்குடிகளின் பொருட்களையும் மண்டை ஓடுகளையும் சேர்த்தார், உண்மைதான். அந்தக் காலத்தில் பாரிஸ், பெர்லின் அருங்காட்சியகங்களும் அதைத்தானே செய்தன? இவரை மட்டும் கூண்டில் ஏற்றுவது ஏன்?

உப்பளத்தான்:
அண்ணே, ஓர் அறையில் உட்கார்ந்து எலும்பை அளந்தவரும் படையெடுப்புக்கு வாதம் எழுதிக் கொடுத்தவரும் ஒன்றா? 1878இல், 24 வயதில், பழங்குடிகளின் நிலத்தைப் படையால் பிடிக்கும் போர் அமைச்சர் ரோக்காவின் திட்டத்துக்கு ஆதரவாகப் 'பதினைந்தாயிரம் லீகு நிலத்தின் வெற்றி' என்ற நூலை எழுதினார் (ஒரு லீகு சுமார் 2,500 ஹெக்டேர்). எல்லையை ரியோ நெக்ரோ ஆறு வரை தள்ளவேண்டும் என்பதுதான் அதன் சாரம். அடுத்த ஆண்டு படை கிளம்பியது. அரசு சொன்ன கணக்கிலேயே 1,313 பழங்குடி ஈட்டி வீரர்கள் கொல்லப்பட்டார்கள். பெண்களும் குழந்தைகளுமாக 10,513 பேர் பிடிபட்டார்கள். அதே 1879இல் இவரும் அந்தத் தடத்திலேயே போய்ப் பொருள் சேர்க்கிறார். காலம் அப்படி என்று சொல்லித் தப்பிக்க முடியாது. அந்தக் காலத்தை அப்படி ஆக்கியவர்களில் இவரும் ஒருவர்.

வரப்போரம்:
பணக் கணக்கையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 1878இன் 947ஆம் எண் சட்டம் படையெடுப்புச் செலவுக்குக் கடன் பத்திரம் விட்டது. 400 பெசோ பத்திரம் ஒன்றுக்கு 2,500 ஹெக்டேர் நிலம். குறைந்தது நான்கு வாங்கவேண்டும், அதாவது 10,000 ஹெக்டேர். நிலத்தை இன்னும் பிடிக்கவே இல்லை, அதற்குள் விற்பனை! இதை வாங்கச் சாதாரண விவசாயியால் முடியுமா? சொசியதாத் ரூரால் தலைமையில் செபயோஸ் உட்கார்ந்தது இந்த வர்க்கத்தின் நடுவில்தான்.

சுவடிப்பித்தன்:
இரண்டு பக்கத்துக்கும் ஒன்று சொல்கிறேன். செபயோஸ் கண்டெடுத்ததிலேயே பெரியது மண்டை ஓடு அல்ல, காகிதம். சலினாஸ் கிராண்டெஸ் உப்புச் சமவெளியை ஆண்ட பழங்குடித் தலைவர் கல்ஃபுகுரா 1873இல் இறந்தார். அவருக்குப் பின் மகன் நமுன்குரா. படை நெருங்கியதும் அவர்கள் ஆட்களோடு ஆவணங்களும் பின்வாங்கின. அவற்றை மணல்மேடுகளுக்கிடையே விட்டுவிட்டுப் போனார்கள். 1879இல் அவை செபயோஸ் கைக்கு வந்தன. உள்ளே என்ன இருந்தது என்று அவரே எழுதியிருக்கிறார்: அர்ஜென்டினா அரசும் பழங்குடித் தலைவர்களும் சரிக்குச் சமமாக எழுதிக்கொண்ட கடிதங்கள், எல்லைத் தளபதிகளின் கடிதங்கள், கீழ்ப்பட்ட குடிகளின் பட்டியல்கள், இரகசியமாகச் சரக்கு கொடுத்த வியாபாரிகளின் கணக்குகள். நடுவில் ஒரு ஸ்பானிய அகராதி. அரசிடமிருந்து வரும் ஓலையில் ஒரு சொல் புரியாவிட்டால் புரட்டிப் பார்ப்பதற்காக! அவர் எடுத்துவராமல் இருந்தால் இத்தனையும் மணலோடு போயிருக்கும். அவருடைய ஆவணங்கள் இன்று லுஹான் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன, ஆய்வாளர்கள் படிக்கிறார்கள்.

பம்பாக்காற்று:
நன்றி சுவடி. நான் சொல்ல வந்ததும் இதுதான். கல்ஃபுகுராவின் வம்சம் பற்றி 1884இல் தனி நூலே எழுதினார். எதிரியின் வரலாற்றை உட்கார்ந்து எழுத எத்தனை பேருக்குத் தோன்றும்? பழங்குடிகளும் சும்மா இருக்கவில்லை. 1872இல் கல்ஃபுகுரா ஆயிரக்கணக்கான குதிரை வீரர்களோடு எல்லை ஊர்களைச் சூறையாடினார். 1875 கடைசியில் அதைவிடப் பெரிய தாக்குதல். ஓட்டிப்போன மாடுகள் ஆண்டீஸைத் தாண்டிச் சிலியில் விலைபோயின.

வரப்போரம்:
அந்த மாட்டைச் சிலியில் காசு கொடுத்து வாங்கியவர்கள் யார்? சுவடி சொன்ன வியாபாரிக் கணக்கையும் பாருங்கள். கூட்டாளிகள் இரண்டு பக்கமும் இருந்தார்கள். எந்த வியாபாரியின் மண்டையையும் யாரும் அளந்து பார்த்ததாகத் தெரியவில்லை.

உப்பளத்தான்:
சுவடி அண்ணா சொன்ன அகராதிதான் என் வாதத்துக்கே ஆதாரம். அறியாமல் செய்தார் என்றால்கூட ஏதோ மன்னிக்கலாம். இவருக்கு முழுதும் தெரியும். அந்தக் கடிதங்களைப் படித்தவர், எழுத்தரும் முத்திரையும் தூதரும் வைத்து நடந்த அரசு அது என்று கையிலேயே சான்று வைத்திருந்தவர். அப்புறமும் 1881 பயண நூலில், காட்டுமிராண்டித்தனம் சபிக்கப்பட்டது, அதன் பிணங்களின் மிச்சம்கூட அந்த நிலத்தில் இருக்கப்போவதில்லை என்கிறார். சொன்னபடியே நடந்தது. கல்ஃபுகுராவின் கல்லறையைப் படையினர் தோண்டினார்கள், மண்டை ஓடு செபயோஸிடம் போனது. லெவுபுகோ என்ற இடத்தில் ரன்கெல் பழங்குடித் தலைவர் மரியானோ ரோசாஸுக்கும் இதே கதிதான். 1877இல் இறந்தவரைத் தளபதி ரசேதோவின் படை தோண்டி எடுத்தது. இரண்டும் பிறகு செபயோஸ் சேகரிப்போடு லா பிளாட்டா அருங்காட்சியகம் போய்ச் சேர்ந்தன. ஒருவருடைய கடிதத்தைப் படித்துவிட்டு அவர் தலையை அலமாரியில் வைப்பதை எந்த அறிவியலில் சேர்ப்பது?

சுவடிப்பித்தன்:
தலையைப் பற்றி உங்களோடு சண்டையில்லை தம்பி. ஆனால் அந்தக் கடிதங்கள் இல்லாமல் "அது ஓர் அரசு" என்று இன்று நீங்கள் வாதாட முடியுமா? என் கேள்வி அவ்வளவுதான்.

பம்பாக்காற்று:
அதோடு, தவறு திருத்தப்பட்டும் வருகிறது. மரியானோ ரோசாஸின் மண்டை ஓட்டை 2001இல் ரன்கெல் மக்களிடம் கொடுத்து லெவுபுகோவில் அடக்கம் செய்துவிட்டார்கள். அதே ஆண்டு அருங்காட்சியகங்களில் உள்ள பழங்குடி எச்சங்களைக் கேட்கும் சமூகங்களிடம் திருப்பிக் கொடுக்க 25,517ஆம் எண் சட்டமும் வந்தது.

உப்பளத்தான்:
வந்தது, மறுக்கவில்லை. ஆனால் 1910இல் அச்சான அருங்காட்சியகப் பட்டியலிலேயே இந்தத் தலைவர்களின் பெயர்கள் இருக்கின்றன. அடையாளம் தெரியாத எலும்பு என்று சாக்குச் சொல்ல வழியே இல்லை. அப்படியிருந்தும் மரியானோ ரோசாஸ் ஒருவரை ஊருக்கு அனுப்ப நாடாளுமன்றம் 2000இல் தனியாக ஒரு சட்டம் போடவேண்டியிருந்தது. அதன் எண் 25,276.