அம்மாவின் கட்டிலருகு மேசை எத்தனை அங்குலம் இருக்க வேண்டும்?

வாவிக்கரை, கல்லடி

வணக்கம். அம்மாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் வைக்க ஒரு சின்ன மேசை செய்விக்க வேண்டும். என்ன உயரம் என்று தெரியாமல் நிற்கிறேன். ஓடாவியிடம் கேட்டால் "நீங்க சொல்ற அளவுக்குச் செஞ்சு தருவன்" என்கிறார்.

அம்மாவுக்கு 72 வயது. போன மாதம் ஒரு இரவு தண்ணீர்க் கிளாஸை எடுக்கக் கை நீட்டியவர், மெத்தை விளிம்போடு சரிந்து கீழே விழுந்துவிட்டார். எலும்பு முறிவு இல்லை, ஆனால் இடுப்பில் இரண்டு கிழமை வலி. அன்றிலிருந்து நான் அறைக் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு அரைத் தூக்கம்தான். அவரும் இரவில் தாகம் எடுத்தால் என்னைக் கூப்பிடக் கூச்சப்பட்டு விடியும்வரை பேசாமல் கிடக்கிறார்.

இப்போது இருக்கும் மேசை தரையிலிருந்து 21 அங்குலம். மெத்தையின் மேல்பக்கம் 26 அங்குலம். 27 அங்குலத்தில் புதிய மேசை செய்வித்தால் சரியாக இருக்குமா? ஒரு லாச்சி வேண்டும். குளிசைகள், மூக்குக்கண்ணாடி, டோர்ச், தண்ணீர், இவ்வளவும்தான் வைப்பார். கட்டிலுக்கு நுளம்பு வலை கட்டுகிறோம், அதையும் கணக்கில் எடுத்துச் சொல்லுங்கள்.

செங்கலடி

அக்கா, கடையில் ரெடிமேடாக நிறைய இருக்கிறது. பெரும்பாலும் 24 அங்குலத்தைச் சுற்றித்தான் வரும். செய்விப்பதை விட மலிவு, அன்றைக்கே வீட்டுக்கு வந்துவிடும்.

உளி, ஆரையம்பதி

மகள், கணக்கு இதுதான். மேசையின் மேல்பலகை மெத்தையோடு மட்டமாக இருக்கலாம், இல்லாவிட்டால் ஒன்று இரண்டு அங்குலம் உயர்ந்து இருக்கலாம். அதற்குக் கீழே போனால் படுத்திருப்பவர் தோளைச் சரித்துக் கை விட வேண்டும். உங்கள் அம்மா அப்படித்தான் விழுந்திருக்கிறார்.

மெத்தையை வெறுமனே அளக்காதீர்கள். அம்மாவைப் படுக்க வைத்து, தோள் பதிந்திருக்கும் இடத்தில் தரையிலிருந்து எவ்வளவு என்று பாருங்கள். ஸ்பிரிங் மெத்தை என்றால் ஒரு அங்குலமாவது இறங்கும். அளவு எடுக்கும்போது மேசை நிற்கப்போகும் அதே இடத்தில் டேப்பை ஊன்றுங்கள். நம்முடைய பழைய சீமெந்துத் தரை கட்டில் தலைமாட்டில் ஒரு மாதிரியும் கால்மாட்டில் வேறு மாதிரியும் இருக்கும்.

நீங்கள் சொன்ன 26 சரி என்றால் மேசை 26 அல்லது 27. ரெடிமேடில் 24 வாங்கினால் மறுபடி குறைவுதான். அதோடு அவற்றில் நிறைய அழுத்திய தூள்பலகையில் செய்தவை. தினமும் தண்ணீர் வைக்கும் மேசை அது, ஈரம் இறங்கினால் விளிம்பு ஊதிப்போகும். நல்ல பலகையில் செய்வியுங்கள்.

அக்கரைப்பற்றுப் பிள்ளை

உயரத்தைக் கூட்டுவதிலும் கவனம் தேவை. எங்கள் உம்மாவுக்கு நாங்கள் வசதி என்று நினைத்து மெத்தையை விட ஆறு ஏழு அங்குலம் உயரமாக ஒன்றைப் போட்டுவிட்டோம். படுத்துக்கொண்டு பார்த்தால் மேசையின் மேல்பக்கம் கண்ணுக்கே தெரியாது. உம்மா இருட்டில் கையைத் தூக்கித் தடவுவார், கிளாஸ் போகும், கண்ணாடி போகும், ஒரு தடவை இன்சுலின் ஊசிப் பெட்டியும் போனது. தோள் வலிக்காரர்கள் அவ்வளவு தூரம் கையைத் தூக்கவும் ஏலாது.

வலை விசயம்: மேசையைக் கட்டிலோடு ஒட்டிப் போடாதீர்கள். வலையை மெத்தைக்குக் கீழே செருகக் கை நுழைய வேண்டும். நாலு விரல் இடைவெளி காணும், அதற்கு மேல் விட்டால் எட்டாது. உயரமான மேசை என்றால் வலை அதன் மேல் தொங்கும், காலையில் வலையை உயர்த்தும்போது எல்லாவற்றையும் வாரிக்கொண்டு போகும். மெத்தை மட்டத்தில் இருந்தால் அந்தத் தொல்லை குறைவு.

இரவுத் தாதி, களுவாஞ்சிக்குடி

அக்கா, மேசைக்குப் போகும் முன் ஒன்று கேட்கிறேன். அம்மா கட்டில் விளிம்பில் உட்கார்ந்தால் அவருடைய இரண்டு பாதமும் முழுதாகத் தரையில் படிகிறதா?

26 அங்குலம் என்று வாசித்ததிலிருந்து எனக்கு அதுதான் மனதில் நிற்கிறது. அம்மா எவ்வளவு உயரம் என்று நீங்கள் எழுதவில்லை. நம்மூர் அம்மாமாரில் பெரும்பாலானவர்களுக்கு அது உயரமான கட்டில். வார்டில் நான் பார்க்கிற விழுந்த கேஸ்களில் கணிசமானவர்கள் இரவில் கட்டிலிலிருந்து இறங்கும்போது விழுந்தவர்கள்தான். தண்ணீர் எடுக்கும்போது ஒருதரம் விழுந்தவர், மூத்திரத்துக்கு எழும்பும்போதும் விழலாம். தயவுசெய்து இன்றைக்கே பார்த்துச் சொல்லுங்கள். அம்மா பிரஷர் குளிசை எடுக்கிறாரா என்பதையும் எழுதுங்கள்.

வாவிக்கரை, கல்லடி

இப்போதுதான் பார்த்தேன், தங்கச்சி. பாதம் படியவில்லை. நன்றாகப் பின்னுக்கு உட்கார்ந்தால் கால் தொங்குகிறது. விளிம்புக்கு நகர்ந்து வந்தால் விரல் நுனி மட்டும் தொடுகிறது. "நான் எப்பவும் சறுக்கித்தானே இறங்குறன், உனக்குத் தெரியாதா" என்று கேட்டார். எனக்குத் தெரியாது. அதே வீட்டில்தான் இருக்கிறேன்.

அம்மா 5 அடி 2 அங்குலம். நின்றபடி முழங்கால் மடிப்பு வரைக்கும் அளந்தேன், 16½ அங்குலம். பிரஷர் குளிசை காலையில் ஒன்று, இரவில் ஒன்று.

கட்டிலைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். 1978 சூறாவளியில் எங்கள் வளவில் விழுந்த முதிரை மரத்தில் அப்பா செய்வித்த கட்டில். அந்த நவம்பரில் வீட்டுக் கூரை போனது, தென்னைகள் எல்லாம் போயின, மிஞ்சிய மரத்தில் அப்பா செய்த முதல் சாமான் இதுதான் என்று அம்மா சொல்வார். கடைசல் கால்கள். குறுக்குப் பலகை வரைக்கும் 17 அங்குலம். முன்பு அதில் 4 அங்குல இலவம்பஞ்சு மெத்தை போட்டிருந்தோம். மூன்று மாதத்துக்கு முன் தம்பி கட்டாரிலிருந்து வந்தபோது அம்மாவுக்கு என்று 9 அங்குல ஸ்பிரிங் மெத்தை வாங்கிக் கொடுத்தான்.

எழுதும்போதே விளங்குகிறது. முன்பு 17-ம் 4-ம் 21. மேசையும் 21.

இரவுத் தாதி, களுவாஞ்சிக்குடி

அதேதான் அக்கா. மேசை அப்படியே இருந்தது, கட்டில்தான் ஐந்து அங்குலம் வளர்ந்துவிட்டது. இப்போது மேசையை 27-க்கு உயர்த்தினால் தண்ணீர் எட்டும், ஆனால் இறங்குகிற ஆபத்து அப்படியே கிடக்கும்.

அம்மாவின் முழங்கால் மடிப்பு 16½ என்றால், அவர் உட்கார்ந்து மெத்தை அமிழ்ந்த பிறகு 18, 19 அங்குலத்தில் இருக்கிற மாதிரிப் பாருங்கள். பாதம் படியும், முழங்கால் இடுப்பை விடக் கொஞ்சம் தாழ்ந்து நிற்கும், எழும்ப அதிகம் உன்ன வேண்டியிராது. அதற்காக மிகத் தாழ்த்தியும் விடாதீர்கள். 14, 15 என்று போனால் எழும்பவே ஆள் பிடிக்க வேண்டி வரும்.

இரவில் பிரஷர் குளிசை எடுக்கிறவர்கள் படுத்த நிலையில் இருந்து சட்டென்று நிற்கக் கூடாது, தலை சுற்றும். உட்கார்ந்து பாதத்தைத் தரையில் வைத்து இரண்டு நிமிடம் இருந்துவிட்டு எழும்பச் சொல்லுங்கள். உயரக் கட்டிலில் அதுவே முடியாது. கால் தொங்கும்போது யாரால் இரண்டு நிமிடம் நிம்மதியாக இருக்க முடியும்? தலைச்சுற்று அடிக்கடி வருகிறது என்றால் அடுத்த கிளினிக்கில் டொக்டரிடம் சொல்லுங்கள், குளிசையை நீங்களாக நிறுத்த வேண்டாம்.

இன்றிரவே செய்யக்கூடியது: புதிய மெத்தையை எடுத்துவிட்டுப் பழைய இலவம்பஞ்சைப் போடுங்கள்.

உளி, ஆரையம்பதி

நான் முதலில் 26 அல்லது 27 என்று சொன்னதை மாற்றுகிறேன். கட்டிலைக் கேளாமல் மேசைக்கு அளவு சொன்னது என் பிழை. தாதிப் பிள்ளை சொல்வதுதான் சரி.

முதிரைக் கட்டிலின் காலை மட்டும் வெட்டிவிடாதீர்கள். கட்டில் உயரம் தூக்கலாகத் தெரிகிறது என்று ஆட்கள் வாளை எடுப்பார்கள். கடைசல் காலில் அடிக்குமிழை வெட்டினால் கட்டிலின் அழகே போய்விடும், திரும்ப ஒட்டவும் ஏலாது. வேறு வழி இருக்கிறது. பக்கச் சட்டங்களின் உள்பக்கத்தில் குறுக்குப் பலகைகளைத் தாங்க ஒரு சின்னச் சட்டம் அடித்திருப்பார்கள். அதைக் கழற்றி 2 அங்குலம் கீழே இறக்கிப் பூட்டினால் பலகை 17-இலிருந்து 15-க்கு வரும். கட்டிலின் வெளித்தோற்றம் மாறாது, பிறகு வேண்டுமென்றால் பழைய இடத்துக்கே உயர்த்தலாம்.

இரண்டு விசயம். முதிரை இரும்பு மாதிரி. நேரே ஆணி அடித்தால் ஆணி வளையும், சட்டம் வெடிக்கவும் கூடும். துளை போட்டுத் திருகாணிதான். அடுத்தது, பக்கச் சட்டத்தின் மேல்விளிம்பு எத்தனை அங்குலத்தில் இருக்கிறது என்று அளந்து சொல்லுங்கள். பலகையை அளவுக்கு மிஞ்சி இறக்கினால் மெத்தை உள்ளே போய்விடும், உட்காரும்போது சட்டத்தின் விளிம்பு தொடையின் அடியில் வெட்டும்.

வாவிக்கரை, கல்லடி

பக்கச் சட்டத்தின் மேல்விளிம்பு 17½ அங்குலம், ஐயா.

உளி, ஆரையம்பதி

அப்போ வாய்ப்பாக இருக்கிறது. பலகை 15. அதன்மேல் 5 அங்குலத்தில் இறுக்கமான ரப்பர் மெத்தை அல்லது தும்பு மெத்தை போட்டால் 20. அம்மா உட்கார்ந்தால் 19 அளவில் நிற்கும், சட்டத்துக்கு மேலே ஒன்றரை அங்குலம் மிச்சம், விளிம்பு வெட்டாது. உங்கள் பழைய மேசை 21. மெத்தையை விட ஒரு அங்குலம் உயரம். புதிதாக மேசையே வேண்டாம், மகள்.

இலவம்பஞ்சையே தொடர்ந்து போடலாம் என்றால் முதலில் நல்ல வெயிலில் இரண்டு நாள் காயப்போட்டுப் பாருங்கள். பஞ்சு கட்டிபட்டு நடுவில் குழி விழுந்திருந்தால் அம்மாவின் இடுப்புக்கு ஆகாது.

பழைய மேசையில் என்ன செய்யலாம் என்றால், மேல்பலகையைச் சுற்றி அரை அங்குல உயரத்தில் மெல்லிய சட்டம் ஒட்டுங்கள், குளிசை உருளாது. கட்டில் பக்கம் இருக்கும் இரண்டு மூலையையும் உருட்டி விடுங்கள். லாச்சிக்குக் குமிழ் இருந்தால் எடுத்துவிட்டு விரல் நுழையும் பிடி போடுங்கள், குமிழில் வலை சிக்கும். மேசைக்கு அடியில் செங்கல், கட்டை எதுவும் வைத்து உயர்த்த வேண்டாம். வயதானவர்கள் எழும்பும்போது பக்கத்தில் எது இருந்தாலும் அதில் கை ஊன்றுவார்கள். ஆடுகிற மேசை ஆளையும் சேர்த்துக் கவிழ்க்கும். எல் வடிவ இரும்பு இரண்டு வாங்கிச் சுவரோடு பூட்டிவிடுங்கள்.

அக்கரைப்பற்றுப் பிள்ளை

கிளாஸுக்குப் பதில் மூடியுள்ள சின்னப் போத்தல் வையுங்கள். உம்மாவுக்கு இப்போது அதுதான். அம்மா எந்தப் பக்கமாக இறங்குகிறாரோ அந்தப் பக்கத்தில்தானே மேசை?

வாவிக்கரை, கல்லடி

இல்லை. அவர் இறங்குவது ஜன்னல் பக்கம், மேசை சுவர்ப் பக்கம். மாற்றுகிறேன்.

விளக்கு வைப்பதென்றால் அதற்கும் அளவு இருக்கிறதா? அம்மா விடியற்காலை பேப்பர் வாசிப்பார்.

உளி, ஆரையம்பதி

சாய்ந்து உட்கார்ந்திருக்கும்போது விளக்குக் கூடையின் கீழ்விளிம்பு நாடி மட்டத்துக்கும் கண் மட்டத்துக்கும் இடையில் வந்தால் போதும். அதற்கு மேலே போனால் பல்ப் கண்ணில் அடிக்கும். சுவிட்ச் வயரில் இருப்பதாக வாங்குங்கள், தலையணைக்குப் பக்கத்தில் கிடக்கட்டும்.

வாவிக்கரை, கல்லடி

பத்து நாளைக்குப் பிறகு எழுதுகிறேன், மன்னியுங்கள்.

அன்றிரவே பழைய இலவம்பஞ்சு மெத்தையைப் போட்டோம். அது நடுவில் குழி விழுந்திருந்தது, அதனால் மறு கிழமை 5 அங்குல ரப்பர் மெத்தை வாங்கினேன். ஓடாவி வந்து உள்சட்டத்தை இறக்கினார். நாலு துளை போடுவதற்குள் இரண்டு துளையூசி முறிந்தது, நீங்கள் சொன்னதை அவரிடம் சொன்னேன், "முதிரை தெரிஞ்ச ஆள்" என்றார். பலகை 15, மெத்தை 20, அம்மா உட்கார்ந்தால் 19-க்கு ஒரு நூல் குறைவு. இரண்டு பாதமும் படிகிறது.

தம்பிக்கு எப்படிச் சொல்வது என்று பயந்துகொண்டிருந்தேன். அம்மாவே போனில் சொன்னார், "நீ வாங்கின மெத்தையில இப்ப அக்கா படுக்கிறா, அவதான் மனே ராவு ராவா முழிச்சவ" என்று. அவன் ஒன்றும் மனவருத்தப்படவில்லை.

மேசையை ஜன்னல் பக்கம் மாற்றி, கட்டிலுக்கும் அதற்கும் நாலு விரல் இடைவெளி விட்டிருக்கிறேன். போத்தல், டோர்ச், கண்ணாடி எல்லாம் படுத்தபடியே கண்ணுக்குத் தெரிகிறது என்கிறார். முந்தாநாள் காலையில் போத்தலில் பாதித் தண்ணீர் குறைந்திருந்தது. இரவில் அவர் எழும்பியது எனக்குத் தெரியவே இல்லை.

சுவரோடு பூட்டும் வேலை மட்டும் மிச்சம். ஜன்னல் பக்கச் சுவரில் பூச்சு உதிர்கிறது, முதலில் மேசன் வந்து அதைப் பூச வேண்டும். அதுவரைக்கும் மேசையில் கை ஊன்ற வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.