ஜியாமுசியின் பிரசவ வார்டும் ஒரு சிவப்புச் சான்றிதழும்

நான் எம்.பி.பி.எஸ். படித்தது சீனாவின் வடகிழக்குக் கோடியில், ஹெய்லோங்ஜியாங் மாகாணத்து ஜியாமுசி நகரில். என் படிப்பின் நடுவில், 2016 ஜனவரி 1 அன்று, எந்தத் தம்பதியரும் இரண்டு பிள்ளைகள் பெற்றுக்கொள்ளலாம் என்ற சட்டம் நடைமுறைக்கு வந்தது. 1980 முதல் நாட்டையே கட்டிவைத்திருந்த ஒற்றைப் பிள்ளைக் கொள்கை அத்துடன் முடிந்தது. நாங்கள் பயிற்சிக்குச் சென்ற மருத்துவமனையில், இனிக் கூட்டம் தாங்காது என்று பிரசவ வார்டை ஒட்டிய அறைகளையும் காலி செய்து கட்டில்கள் போட்டார்கள். 2018ஆம் ஆண்டின் இறுதியில் பயிற்சி மருத்துவனாக அதே வார்டுக்குத் திரும்பியபோது, அந்தக் கட்டில்களில் பெரும்பாலானவை பக்கவாத நோயாளிகளுக்காக நரம்பியல் பிரிவுக்குப் போய்விட்டிருந்தன. எங்கள் வார்டில் மட்டும் நடந்ததன்று இது. 2016இல் ஏறத்தாழ 1.8 கோடிக் குழந்தைகள் பிறந்த அந்த நாட்டில், 2023இல் பிறந்தவை 90 லட்சம்.

நரம்பியல் பிரிவில்தான் அந்தத் தம்பதியரைச் சந்தித்தேன். அவர்கள் பக்கத்திலிருக்கும் நிலக்கரி நகரமான ஹெகாங்கிலிருந்து வந்தவர்கள். சில பத்தாயிரம் யுவானுக்கு (சீன நாணயம்) அடுக்ககத்தில் வீடு கிடைக்கும் ஊர் என்று 2019இல் சீனா முழுவதும் பேசப்பட்ட ஊர் அது. கணவர் ஓய்வுபெற்ற சுரங்கத் தொழிலாளி. அவருக்கு வலது பக்கம் முழுவதும் செயலிழந்திருந்தது. அவர்களுடைய ஒரே மகள் மூவாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் ஷென்சென் நகரில் வேலை பார்த்தார். விமானத்தில் வந்து நான்கு நாட்கள் தந்தையின் அருகில் இருந்துவிட்டுத் திரும்பினார், ஏனென்றால் அவருடைய கணவரும் தம் பெற்றோருக்கு ஒற்றைப் பிள்ளை, ஹுனான் மாகாணத்தில் அந்த மாமனாரும் அதே மாதத்தில் நோயில் விழுந்திருந்தார். சீனாவின் சில மாகாணங்களில் ஒற்றைப் பிள்ளைகளுக்கு, பெற்றோர் மருத்துவமனையில் இருக்கும் நாட்களில் அவர்களைக் கவனித்துக்கொள்ளத் தனி விடுப்பு உண்டு. ஆனால் இரண்டு ஊர்களில் ஒரே சமயத்தில் இருப்பதற்கு எந்த விடுப்பும் உதவாது.

மகள் போன பிறகு, நோயாளியைத் திருப்பிப் படுக்கவைக்கவும் உடம்பு துடைக்கவும் கூலிக்கு ஓர் அம்மையாரை அமர்த்தினார்கள். அவருக்கு வயது அறுபத்து மூன்று, நோயாளிக்கோ அறுபத்திரண்டு.

ஒரு மாலையில் மருத்துவச் சீட்டுகளைத் தேடும்போது, நோயாளியின் மனைவி பிளாஸ்டிக் உறையிலிருந்து ஒரு சின்னச் சிவப்புப் புத்தகத்தை எடுத்து மெத்தையின் மேல் வைத்தார். ஒரே பிள்ளையோடு நிறுத்திக்கொண்ட பெற்றோருக்கு அரசு தந்த பெருமைச் சான்றிதழ் அது. உள்ளே மகளின் குழந்தைப் படம், ஓரம் மங்கிப்போன ஒரு முத்திரை. "இதை வாங்கிய அன்று சுரங்கத்துக் கூட்டத்தில் எல்லோரும் கைதட்டினார்கள்" என்றார். அவர் குரலில் புகார் எதுவும் இல்லை, அதனாலேயே அந்த வாக்கியம் இன்றுவரை என் மனத்தில் கிடக்கிறது.

வடகிழக்கு இவ்வளவு வேகமாகக் காலியானதற்கு அவர்கள் வாழ்க்கையிலேயே விடை இருக்கிறது. இங்கே பெரும்பாலோர் அரசு ஆலைகளிலும் சுரங்கங்களிலும் வேலை பார்த்தவர்கள்; இரண்டாவது பிள்ளை பெற்றால் வேலையே போய்விடும் என்ற நிலையில், கொள்கையை மற்றெவரையும்விட ஒழுங்காகக் கடைப்பிடித்தார்கள். 1990களில் அந்த ஆலைகளே ஆட்குறைப்பு செய்தபோது, வளர்ந்த ஒற்றைப் பிள்ளைகள் தெற்கே வேலை தேடிப் போனார்கள். 2010க்கும் 2020க்கும் இடையில் ஹெய்லோங்ஜியாங்கின் மக்கள் தொகை ஏறத்தாழ 65 லட்சம் குறைந்தது. 2016இலேயே மாகாணத்தின் ஓய்வூதிய நிதி தீர்ந்து பற்றாக்குறையில் விழுந்தது. குவாங்டோங் போன்ற, இளைஞர்கள் குவிந்த மாகாணங்களின் ஓய்வூதியப் பணத்தை இப்படிப் பற்றாக்குறையில் இருக்கும் மாகாணங்களுக்கு மைய அரசு பகிர்ந்தளிக்கும் முறை 2018இல் வந்தது. நாடு பெரிது என்பதால் ஒரு மூலையின் வறட்சியை இன்னொரு மூலை இத்தனை நாள் தாங்கியது. 2022இல் நாடு முழுவதற்குமான மக்கள் தொகையே குறையத் தொடங்கிவிட்ட பிறகு, தாங்குகிற மூலையும் மெதுவாக முதுமையடைகிறது.

மறுமொழி

மேலே எழுதிய மருத்துவருக்கு வணக்கம். நீங்கள் குறிப்பிட்ட அந்த மகளைப் போன்றவர்களோடுதான் நான் ஷென்செனில் ஆறு ஆண்டுகள் வேலை செய்தேன். அவர்கள் பக்கத்திலிருந்து ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன்.

எங்கள் அலுவலகத்தில் குழந்தை பெற்றவர்கள் எல்லோருடைய வீட்டிலும் ஊரிலிருந்து வந்த ஒரு பாட்டி இருந்தார். சீனப் பெண் தொழிலாளர்கள் 50 வயதிலும் அலுவலகப் பெண்கள் 55 வயதிலும் ஓய்வு பெற்றதால்தான் அது முடிந்தது. உழைக்கும் வயதினர் குறைகிறார்கள் என்று 2025 ஜனவரி முதல் ஓய்வு வயதைப் படிப்படியாக முறையே 55 என்றும் 58 என்றும் உயர்த்துகிறார்கள். கணக்குப்படி அது தேவைதான், மறுக்கவில்லை. ஆனால் குழந்தையைத் தூக்கிக்கொள்ள இருந்த கைகளையே அது தொழிற்சாலையில் நிறுத்திவைக்கிறது என்பதை என் இளைய தோழிகள் உடனே உணர்ந்துகொண்டார்கள்.

அவர்களில் ஒருவர், வயது முப்பத்தைந்து, இன்னும் குழந்தை வேண்டாம் என்று தள்ளிப்போடுகிறவர். மூன்று வயதுக்குட்பட்ட ஒவ்வொரு குழந்தைக்கும் ஆண்டுக்கு 3,600 யுவான் உதவித்தொகை என்று 2025 ஜூலையில் அறிவித்தபோது எனக்கு எழுதியிருந்தார்: "மாதம் 300 யுவான், அக்கா. என் அப்பாவை மருத்துவமனையில் பார்த்துக்கொள்ளும் அம்மையாருக்கு இரண்டு நாள் கூலிக்கே சரியாகிவிடும்."