யாழ்ப்பாணத்து முன்னோடியளைப் பற்றி உருப்படியான புத்தகம் சொல்லுங்கோ

கோண்டாவில்_ரீச்சர்:

வணக்கம் எல்லாருக்கும். நான் வரலாறு படிப்பிக்கிறன், எங்கட பள்ளிக்கூட லைப்ரரிக்குப் புத்தகம் வாங்கச் சொல்லி பழைய மாணவர் சங்கம் கொஞ்சக் காசு தந்திருக்கு. இந்த மண்ணில முதல்முதலா ஒண்டைத் தொடங்கி நடத்திக் காட்டின ஆக்களின்ர வாழ்க்கை வரலாறு வாங்கலாமெண்டு நினைக்கிறன், ஆனா கையில எடுத்துப் பாத்ததில முக்கால்வாசியும் நினைவு மலர் மாதிரித்தான் கிடக்கு. பிறந்தார், படித்தார், தொண்டு செய்தார், இறைபதம் எய்தினார். என்னத்துக்கு அப்பிடிச் செய்தவர், ஆர் எதிர்த்தது, அதால ஊரில என்ன மாறினது எண்டு ஒரு வரி இல்லை. ஏ.எல் (உயர்தர வகுப்பு) பிள்ளையள் வாசிச்சா அடுத்த பக்கம் திருப்ப வேணுமெண்டு இருக்கோணும். தமிழிலயோ இங்கிலிசிலயோ பரவாயில்லை.

பழைய_வாத்தி:

பிள்ளை, எங்கட ஆக்கள் வாழ்க்கை வரலாறு எழுதினது இண்டைக்கு நேற்றில்லை. 1859 இலயே சைமன் காசிச்செட்டி புலவர்மாரின்ர சரித்திரத்தைத் தமிழ் புளூராக் எண்டு இங்கிலிசில எழுதி இஞ்ச யாழ்ப்பாணத்தில அச்சடிச்சிருக்கு, பிறகு 1886 இல ஆர்னோல்ட் சதாசிவம்பிள்ளை பாவலர் சரித்திர தீபகத்தைத் தமிழில போட்டவர். புகழ்ந்து எழுதுற பழக்கமும் அப்ப தொட்டு வாறதுதான், அதைக் குறை சொல்லி வேலையில்லை.

நான் சொல்லுறது, ஒரு ஆளைப் பற்றின புத்தகத்தைத் தனிய வாசிக்கக் குடுக்காதேங்கோ, ரெண்டு பேரைச் சோடியாக் குடுங்கோ. ஆறுமுகநாவலரையும் மிஷன் வைத்தியரா வந்த டாக்டர் கிறீனையும் எடுங்கோ. ரெண்டு பேரும் 1822 இல பிறந்தவை, ஒராள் நல்லூரில, மற்றவர் அமெரிக்காவில வூஸ்டரில. நாவலர் மிஷன் பள்ளிக்கூடத்தில படிச்சு, அங்கயே படிப்பிச்சு, பேர்சிவல் பாதிரியாரோட பைபிள் மொழிபெயர்ப்பிலயும் இருந்தவர், பிறகு பாதிரிமார் செய்த அதே வேலையளைத்தான், பிரசங்கம், வகுப்பு, அச்சுக்கூடம் எல்லாத்தையும், சைவத்துக்கெண்டு திருப்பினவர். வண்ணார்பண்ணையில சைவப்பிரகாச வித்தியாசாலை 1848. அதே 1848 இலதான் கிறீன் மானிப்பாயில ஆஸ்பத்திரி நடத்தத் தொடங்கினது. ஒராளின்ர மதத்தை மற்றாள் ஏற்கேல்லை, ஆனா ரெண்டு பேரும் தமிழ் வசனநடையில அறிவைச் சொல்லலாம் எண்டு நம்பினவை.

கிறீனின்ர கதையில எனக்குப் பிடிச்ச இடம் 1864. அதுவரைக்கும் இங்கிலிசில மருத்துவம் படிப்பிச்சார், படிச்சு முடிச்ச பெடியள் அரசாங்க உத்தியோகத்துக்கு வேற ஊருக்கு வெளிக்கிட்டிடுவாங்கள், கிராமத்தில பாக்க ஆளில்லை. அப்ப மனுசன் வகுப்பைத் தமிழுக்கு மாத்திப்போட்டார். பாடப்புத்தகம் இல்லையெண்டால் மாணாக்கரோட சேந்து தானே மொழிபெயர்த்தார், அங்காதிபாதம் (உடற்கூறு), பிரசவ வைத்தியம், இரண வைத்தியம் (சத்திரசிகிச்சை) எண்டு 4000 பக்கத்துக்கு மேல. இஞ்ச படிச்சவன் வேட்டி சால்வையோட தன்ர ஊரிலயே நிண்டு வைத்தியம் பாக்கோணும் எண்டதுதான் அவற்ற எண்ணம். கவிஞர் அம்பி கிறீனின்ர அடிச்சுவடு எண்டு 1967 இல எழுதினது இருக்கு, பிள்ளையளுக்கு அது லேசு. நாவலருக்கு அவற்ற தமையன்ர மகன் கைலாசபிள்ளை எழுதின சரித்திரம். பக்திப் புத்தகம்தான், ஆனா கிட்ட இருந்த ஆள் எழுதினது எண்ட பெறுமதி இருக்கு.

கச்சான்கடை:

காசைக் கண்டபடி செலவழிக்க முதல் நூலகம் இணையத்தளத்தில தேடிப் பாருங்கோ ரீச்சர், 2005 இல தொடங்கினது, பழைய ஈழத்துப் புத்தகம் கனக்க ஸ்கான் பண்ணி ஃப்ரீயாக் கிடக்கு. கிடைக்கிறதை பிரின்ட் எடுத்து வையுங்கோ, மிச்சக் காசுக்கு கடையில இருக்கிறதை வாங்கலாம்.

குருநகர்க்காரன்:

வாத்தியார் சொன்ன சோடி நல்லாத்தான் இருக்கு, ஆனா நான் ஒண்டு கேக்கிறன் கோவிக்கக்கூடாது. நாவலரின்ர பள்ளிக்கூடத்தில ஆர் இருந்து படிச்சது, ஆர் படலைக்கு வெளியில நிண்டது எண்டும் பிள்ளையள் கேக்கோணுமெல்லோ? முன்னோடி எண்டால் எப்பவும் நல்லூர், வண்ணார்பண்ணை, மானிப்பாய், இதைத் தாண்டிறதே இல்லை. 1929 இல உதவி பெறுற பள்ளிக்கூடங்களில எல்லாச் சாதிப் பிள்ளையளும் ஒரேமாதிரி வாங்கில இருக்கோணுமெண்டு உத்தரவு வந்தது, அதைப் பொறுக்காமப் பள்ளிக்கூடத்துக்கு நெருப்பு வைச்ச ஊர் இது. 1968 இல ஒடுக்கப்பட்ட சாதி ஆக்கள் உள்ள போகக் கேட்டுப் போராடின மாவிட்டபுரம் கோயில் வாசலில என்ன நடந்ததெண்டு எங்கட பிள்ளையளில எத்தினை பேருக்குத் தெரியும்.

வாங்குங்கோ டொமினிக் ஜீவாவின்ர எழுதப்படாத கவிதைக்கு வரையப்படாத சித்திரம். தன்ர கையால தானே எழுதின வாழ்க்கை வரலாறு. சலூனில தலைமயிர் வெட்டின மனுசன் கதை எழுதி சாகித்தியப் பரிசு எடுத்து, 1966 இல மல்லிகை எண்ட இலக்கியச் சஞ்சிகையைத் தொடங்கி, தானே அதைக் கொண்டு திரிஞ்சு வித்து எத்தினையோ வருசம் நடத்தினவர். பள்ளிக்கூடத்தில பட்ட அவமானத்தை ஒளிக்காமச் சொல்லியிருக்கிறார். அதை வாசிச்சாப் பிள்ளையள் பக்கம் திருப்புவினம், நான் உத்தரவாதம். பக்கத்தில வெகுஜனனும் இராவணாவும் எழுதின சாதியமும் அதற்கெதிரான போராட்டங்களும் வைச்சாப் பின்னணி விளங்கும், அது கொஞ்சம் கட்சிக் குரல்தான், எண்டாலும் பேர்களும் சம்பவங்களும் அதில கிடைக்கும்.

உடுவில்_பழைய_மாணவி:

அப்ப பொம்பிளையள் எங்க? ஹரியற் வின்ஸ்லோ 1824 இல உடுவிலில பெட்டையளுக்கு விடுதிப் பள்ளிக்கூடம் தொடங்கினவ. பெட்டையளை எழுத்துப் படிக்க அனுப்பிறதே பழக்கமில்லாத காலம் அது, அந்தக் கதையை இஞ்ச ஒருத்தரும் இன்னும் எடுக்கேல்லை.

வாத்தியாரின்ர சோடி யோசினையை நான் வேற மாதிரிப் பாவிப்பன், ஒரே ஆளுக்குள்ளயே ரெண்டு ஆள் இருக்கிறதைக் காட்டுற புத்தகம் வேணும். சேர் பொன். இராமநாதனை எடுங்கோ. 1911 இல சட்டசபையில படிச்ச இலங்கையருக்கான ஆசனத்துக்கு முதல் தேர்தலில வெண்டவர், 1913 இல பெட்டையளுக்கெண்டு மருதனார்மடத்தில இராமநாதன் கல்லூரி கட்டினவர். அதே மனுசன் டொனமூர் ஆணைக்குழு புது அரசியல் யாப்புக்கெண்டு வந்த காலத்தில பொம்பிளையளுக்கு வோட்டுக் குடுக்கக்கூடாது எண்டு நிண்டவர். பள்ளிக்கூடம் வேணும், வோட்டு வேண்டாம்! வைத்திலிங்கம் இங்கிலிசில ரெண்டு பெரிய பாகமா எழுதியிருக்கிறார், முழுக்கப் புகழ்ச்சிதான், ஆனா பிள்ளையள் 1931 சர்வசன வாக்குரிமையைப் பக்கத்தில வைச்சு வாசிச்சாத் தாங்களே கேள்வி கேக்குங்கள். பிறகு ராஜனி திராணகம. அனற்றமி படிப்பிச்ச டொக்டர், யுத்த கால மனித உரிமை மீறல்களைச் சொல்லுற முறிந்த பனை எண்ட புத்தகத்தை எழுதின ஆக்களில ஒராள், 1989 செப்ரெம்பரில திருநெல்வேலியில சுட்டவை. அந்தப் புத்தகம் ஏ.எல்லுக்குக் கொஞ்சம் பாரம், ரீச்சர் முதல் தான் வாசிச்சிட்டு முடிவெடுக்கட்டும்.

பழைய_வாத்தி:

குருநகர்த் தம்பி, கோவம் இல்லை, நீர் கேட்டது சரியான கேள்வி, அதைத்தான் பிள்ளையளும் கேக்கோணும். அப்பிடியெண்டால் ஹன்டி பேரின்பநாயகத்தையும் சேருங்கோ. 1924 இல மாணவர் காங்கிரஸ் (பிறகு இளைஞர் காங்கிரஸ் எண்டு பேர் மாறினது) தொடங்கி, 1927 இல காந்தியைக் கூப்பிட்டு, சம ஆசனம் சமபந்திக்காக நிண்ட இளைஞர் கூட்டம், 1931 இல சுயராச்சியம் இல்லாத தேர்தல் வேண்டாமெண்டு பகிஷ்கரிச்சு யாழ்ப்பாணத்து ஆசனங்களை வெறுமையா விட்டது. அது சரியோ பிழையோ எண்டு வகுப்பில ஒரு பாட நேரம் அடிபடலாம். 1980 இல வந்த அவற்ற நினைவு மலர் மட்டும் நினைவு மலர் மாதிரி இல்லை, சாந்தசீலன் கதிர்காமர் அதில இளைஞர் காங்கிரசின்ர வரலாறே எழுதியிருக்கிறார்.

கோண்டாவில்_ரீச்சர்:

எல்லாருக்கும் நன்றி, இவ்வளவு வருமெண்டு எதிர்பாக்கேல்லை. ஜீவாவும் அம்பியும் முதல் வாங்கிறன், கைலாசபிள்ளையை பிரின்ட் எடுக்கிறன், இராமநாதன் ரெண்டு பாகமும் விலையைப் பாத்துத்தான். முறிந்த பனை நான் வாசிச்சிட்டுச் சொல்லுறன், அதிபரிட்டயும் கேக்கோணும். ஹன்டி மலர் ஒரு இடத்திலயும் கிடைக்கேல்லை, ஆரிட்டயும் இருக்கோ?

பழைய_வாத்தி:

என்னட்டக் கிடக்கு. சனிக்கிழமை பின்னேரம் பொதுசன நூலகத்தடிக்கு வாங்கோ, கொண்டு வாறன். ஃபோட்டோகொப்பிக்காரனுக்குச் சொல்லுங்கோ நடுவால விரிச்சு அமத்த வேண்டாமெண்டு, தையல் ஏற்கனவே விட்டுப்போச்சு.