காலேஜ் ஃபுட்பால் டிவி வேலை: அலபாமா வந்த தம்பிக்கு

கேள்வி: அண்ணா, எஃப்-1 ஸ்டூடன்ட் விசாவுல டஸ்கலூசா வந்து ஒரு மாசம் ஆகுது. சனிக்கிழமை ஆனா ஊரே சிவப்புச் சட்டையோட ஸ்டேடியத்துல இருக்கு. சென்னையில லீக் கிரிக்கெட்டுக்கு யூடியூப்ல கமென்ட்ரி பண்ணியிருக்கேன். இங்க அமெரிக்கன் ஃபுட்பால் டிவி பக்கம் போக வழி உண்டா?

பதில்: உண்டு தம்பி. ஆனா மைக்கை இப்போதைக்கு மறந்துடு. கமென்ட்ரி பாக்ஸ்ல ஒரு சீட் பெரும்பாலும் பழைய ஆட்டக்காரருக்கு. பிரபல கமென்டேட்டர் கிர்க் ஹெர்ப்ஸ்ட்ரீட்டே ஓஹாயோ ஸ்டேட் யுனிவர்சிட்டி டீம்ல குவார்ட்டர்பேக்கா (பந்தை வீசி ஆட்டத்தை நடத்துறவர்) ஆடினவர்தான். இன்னொண்ணுக்கு வர்றவங்க சின்ன ஊர் ரேடியோவுல ஹைஸ்கூல் மேட்ச் சொல்லிச் சொல்லித் தேறினவங்க. ஈஎஸ்பிஎன் ஸ்போர்ட்ஸ் சேனல்ல நம்ம இந்திய வம்சாவளி கெவின் நெகாந்தி இருக்காரேன்னு கேட்ப. அவர் இங்கேயே வளர்ந்தவர்.

உனக்கான கதவு காம்பஸ்லயே இருக்கு. எஸ்இசிங்கிறது அலபாமாவும் இருக்கிற கான்ஃபரன்ஸ், அதாவது ஒண்ணோட ஒண்ணு ஆடுற யுனிவர்சிட்டிகளோட கூட்டமைப்பு. 2014ல அதுக்குன்னே எஸ்இசி நெட்வொர்க்னு டிவி சேனல் வந்தப்போ அந்த யுனிவர்சிட்டிகள் சொந்தமா கன்ட்ரோல் ரூம் போட ஆரம்பிச்சாங்க. வாலிபால், சாக்கர், சாஃப்ட்பால் எல்லாம் அங்கிருந்து ஆன்லைன்ல போகுது. கேமரா, கிராபிக்ஸ், ரீப்ளேல நிறைய மாணவர்கள் உட்கார்றாங்க. அத்லெட்டிக்ஸ் டிபார்ட்மென்ட் வீடியோ பிரிவுக்கு மெயில் போடு. எடுத்த எடுப்புல ஃபுட்பால் கேட்காதே, வாலிபால் கேமரா கொடுத்தா வாங்கிக்கோ. ரீப்ளே மட்டும் விடாம கத்துக்கோ. பந்து விழுந்த சில நொடியில சரியான ஆங்கிளை எடுத்துக் கொடுக்கிற ஆளை டைரக்டர் மறக்கவே மாட்டார்.

ஒரு எச்சரிக்கை. பெரிய மேட்சுக்கு வர்ற டிவி ட்ரக்குல கேபிள் இழுக்க, சைடுலைன் மைக் பிடிக்க உள்ளூர் ஆள் தேடுவாங்க. "ஒரு நாள்தானே"ன்னு போயிடாதே. அது யுனிவர்சிட்டி கொடுக்கிற வேலை இல்ல. சிபிடி (படிப்போட சேர்ந்த வெளி வேலைக்கான அனுமதி) இல்லாம செஞ்சா விசாவுக்கே ஆபத்து. காம்பஸ் வேலைன்னா செமஸ்டர் நடக்கும்போது வாரம் 20 மணி நேரம் வரைக்கும் சரி. சந்தேகம் வந்தா டிஎஸ்ஓ (வெளிநாட்டு மாணவர் விசாவைப் பார்த்துக்கிற யுனிவர்சிட்டி அதிகாரி) கிட்ட கேளு, ரூம்மேட் கிட்ட இல்ல.

கேள்வி: நான் படிக்கிறது கம்ப்யூட்டர் சயின்ஸ்ணா. அதை விட்டுட்டு ஜர்னலிசம் மாறலாமா?

பதில்: மாறாதே! 12 மாச ஓபிடிக்கு (படிச்ச துறையில வேலை பார்க்கிற அனுமதி) மேல 24 மாச நீட்டிப்பு ஸ்டெம் (அறிவியல், தொழில்நுட்பம், இன்ஜினியரிங், கணிதம்) படிப்புக்குத்தான்; ஜர்னலிசம் பொதுவா அந்தப் பட்டியல்ல வராது. ஃபர்ஸ்ட் டவுனுக்கு, அதாவது டீம் பந்தை எதுவரைக்கும் கொண்டு போகணும்னு காட்ட, திரையில வர்ற மஞ்சள் கோட்டைப் பாரு, 1998லேர்ந்து இருக்கு. ஆட்டக்காரன் உடம்பு மேல ஏறாம புல் மேல மட்டும் அதை விழ வைக்கிறது முழுக்க சாஃப்ட்வேர். கிராபிக்ஸ், ஸ்கோர் டேட்டா பக்கம் உன் டிகிரிக்கே வேலை இருக்கு.