தம்பியின் ஓவர்டைம் பணம்: கெடு முடிய ஆறு வாரம்தான்

வணக்கம். கொஞ்சம் அவசரம், தெரிந்தவர்கள் உதவுங்கள்.

என் சித்தி மகன் சிங்கப்பூரில் துவாஸ் பக்கம் ஒரு கட்டுமான நிறுவனத்தில் வேலை பார்த்தான். கடைசி ஐந்து மாத ஓவர்டைம் பணம் வரவில்லை. சம்பளக் காலம் முடிந்து 14 நாளுக்குள் தர வேண்டிய பணம் அது. கேட்டபோதெல்லாம் "அடுத்த மாசம் பார்க்கலாம்" என்றார்கள், இவனும் நம்பினான். பிப்ரவரி கடைசியில் வேலையை விட்டுவிட்டான்.

நேற்றுதான் எனக்கு விவரம் தெரிந்தது. வேலையில் இருப்பவர்களுக்கு ஒரு வருட அவகாசம். விட்டவர்களோ கடைசி வேலை நாளிலிருந்து 6 மாதத்துக்குள் டி.ஏ.டி.எம்.மில் (சம்பளத் தகராறுகளைச் சமரசம் செய்து வைக்கும் அமைப்பு, TADM) பதிய வேண்டும். வேலையை விட்ட பிறகும் நிறுவனத்தார் இழுத்தடித்த மாதங்கள் இதிலேயே கழிந்துவிட்டன. நினைத்தாலே வயிறு எரிகிறது. முதலில் சமரசப் பேச்சு, அது முறிந்தால்தான் நடுவர் மன்றம். 20,000 வெள்ளி வரை கோரலாம், தொழிற்சங்கம் வழியாகப் போனால் 30,000.

சம்பளச் சீட்டில் ஓவர்டைம் என்ற வரியே இல்லை. கையில் இருப்பது ஒரு சின்ன நோட்டு. தினமும் வேலைக்கு ஏறிய நேரம், இறங்கிய நேரம் பேனாவால் எழுதியிருக்கிறான். மழையில் நனைந்து சில பக்கங்களில் மை கலைந்திருக்கிறது. போர்மேன் கையெழுத்து பாதிப் பக்கங்களில்தான். அப்புறம் "இன்னிக்கு பத்து மணி வரைக்கும்" என்று சூப்பர்வைசர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகள்.

இப்படி நோட்டை வைத்துப் பணம் வாங்கியவர்கள் இருக்கிறீர்களா? சமரசப் பேச்சில் என்னென்ன கேட்டார்கள்? தமிழில் பேச முடிந்ததா? இந்த வாரமே பதிந்துவிடப் போகிறோம், அதற்குள் சொன்னால் பெரிய உதவி.